மிச்ச நாள்

டிசம்பர் 28

தம்பிக்கு,

அக்கா எழுதுறேன். கவர் மேல கையெழுத்தைப் பார்த்ததுமே தெரிஞ்சிருக்கும். தெரிஞ்சும் பிரிச்சிருந்தா பாதிக் கோபம் போயிடுச்சுன்னு எடுத்துக்கறேன்.

உன் விலாசம் எப்படிக் கிடைச்சதுன்னு யோசிப்ப. போன வாரம் ஒரு பல் டாக்டர் கிளினிக்குக்கு எங்க லேப்ல செஞ்ச பல்லு செட் கொடுக்கப் போனேன். ஆறாவது மாடி. லிஃப்டுக்குள்ள கண்ணாடிக்குக் கீழ சின்னதா ஒரு தகடு, அதுல உன் கம்பெனி பேர். மேலயும் கீழயுமா மூணு தரம் போய்ட்டு வந்தேன். "எந்த மாடிம்மா இறங்கணும்?"னு ஒருத்தர் கேட்டார். "இது என் தம்பி செஞ்ச லிஃப்ட்"னு சொல்லிட்டேன். நீ செஞ்சியோ, யார் செஞ்சாங்களோ, அந்த நேரத்துக்கு அப்படித்தான் வாய்ல வந்தது. அப்புறம் இங்க இருக்கிற உங்க ஆபீஸுக்குப் போய் நின்னு, கெஞ்சி, உன் விலாசத்தை வாங்கினேன். தபால் போய்ச்சேர ஒன்பது நாள் ஆகுமாம்.

நம்பரும் கொடுத்தாங்க. கூப்பிடப் பயமா இருந்தது. நீ "ஹலோ"ன்னுட்டு என் குரல் கேட்டதும் வச்சுட்டா அன்னைக்கு முழுக்க எனக்கு கை ஓடாது. லெட்டர்னா நீ குறுக்கப் பேச முடியாது பாரு.

விஷயத்துக்கு வரேன். எனக்குக் கல்யாணம். சிரிச்சுக்கோ, பரவாயில்ல. நாப்பத்தோரு வயசுல கல்யாணம்னா நானே கண்ணாடி முன்னாடி நின்னு சிரிச்சேன். ரெஜிஸ்டர் ஆபீஸ்ல கையெழுத்து, அவ்வளவுதான். பந்தல் கிந்தல் எதுவும் இல்ல. ஆனா பொண்ணு வீட்டுப் பக்கம் ஒரு சாட்சிக் கையெழுத்து வேணும். லேப்ல கூட வேலை செய்யறவங்க ஆளாளுக்கு "நான் போடறேன்"ங்கறாங்க. எனக்கு அது வேண்டாம். எனக்கு வீடுன்னு இருக்கிறது நீ ஒருத்தன்தான்.

அம்மா போய் அஞ்சு வருஷம் முடிஞ்சது. அன்னைக்கு கூடத்துல அத்தனை பேர் முன்னாடி "இனிமே எனக்கு இங்க வீடே இல்ல"ன்னு சொல்லிட்டு செருப்பைக்கூட சரியாப் போடாம இறங்கிப் போன. அதுக்கப்புறம் ஒரு வார்த்தை இல்ல. நானும் வீம்பா இருந்தேன். யாரு முதல்ல பேசறதுன்னு பார்த்தே அஞ்சு வருஷம் போச்சுடா.

கட்டில்நாட்டுக் கணக்குப்படி இன்னைக்கு என்ன தேதின்னு ஞாபகம் இருக்கா? எனக்கு இருக்கு.

வா.

அக்கா
(கட்டில்நாட்டுக் கணக்குப்பிள்ளை)

*

ஜனவரி 9

அக்கா அவர்களுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. தங்கள் திருமணத்துக்கு என் வாழ்த்துகள்.

இங்கே வேலை அதிகம். இருபது மாடிக் கட்டடம் ஒன்றில் நான்கு லிஃப்டுகள் பொருத்திக்கொண்டிருக்கிறோம். விடுப்பு கிடைப்பது கடினம். எனவே வர இயலாது. சாட்சிக் கையெழுத்தை லேப்பில் உள்ளவர்களே போடலாம். சட்டப்படி செல்லும்.

கட்டில்நாடு என்று ஏதோ எழுதியிருந்தீர்கள். எனக்கு ஞாபகம் இல்லை.

இவ்வளவோடு நிறுத்தத்தான் நினைத்தேன். முடியல. அம்மாவுக்கு உடம்பு முடியலன்னு மூணு வாரமா உங்களுக்குத் தெரியும். எனக்குச் சொல்லல. போன அன்னைக்குத்தான் சொன்னீங்க. நான் விழுந்தடிச்சு வந்து சேர்றதுக்கு அஞ்சு மணி நேரம் முன்னாடி எல்லாத்தையும் முடிச்சுட்டீங்க. அஞ்சு மணி நேரம். ஒரு லிஃப்ட் நடுவுல நின்னா உள்ள மாட்டினவங்ககூட அதுக்கு மேல பொறுமையா இருந்திருக்காங்க. நான் வந்தப்ப கூடத்துல கழுவி விட்ட தரை ஈரமா இருந்தது. அதுதான் நான் பார்த்தது.

நன்றாக இருங்கள்.

தம்பி

*

ஜனவரி 20

டேய்,

"தங்கள்" "அவர்கள்"னு எழுதினா நான் பயந்துடுவேன்னு நினைப்பா? உன் மூக்கை நான் சிந்திவிட்டிருக்கேன். என்கிட்டயே "இயலாது"வா?

ஞாபகம் இல்லைன்னு எழுதியிருக்க. சரி, கணக்குப்பிள்ளை ஞாபகப்படுத்தறேன், கேட்டுக்கோ. உனக்கு ஏழு வயசு. மாடிப்படில வழுக்கி கால் உடைஞ்சு, தொடை வரைக்கும் மாவுக்கட்டு. ஜூன் பத்து. ஆறு வாரம் கட்டில்ல கிடக்கணும்னாங்க. காலைல கண்ணு முழிச்சதும் "இன்னும் எத்தனை நாள்?"னு கேப்ப. சொன்னா அழுவ. அப்பா வேற லாரி எடுத்துட்டுப் போனவர் போனவர்தான், ஆளைக் காணோம். அம்மா வேலைக்குப் போயிடுவாங்க. நான்தான் உன் பக்கத்துல உக்காந்து அந்தக் கட்டிலையே ஒரு நாடா ஆக்கினேன். தலையணை மலை, கீழ தரை கடல், நீ கட்டைக்கால் ராஜா. அந்த நாட்டுக்கு வேற காலண்டர் போட்டா உனக்கு நாள் எண்ணத் தெரியாது, அழ மாட்டன்னு என் திட்டம்.

ஜூன் பத்துதான் வருஷப் பிறப்பு, மாசத்துக்கு இருபத்தெட்டு நாள். அப்படிப் பதிமூணு மாசம். பேரெல்லாம் நீ வச்சது: எறும்பு, சொறி, ஒன்பதாவது கொட்டாவி, பத்தாவது போர்வை, இப்படி. மாவுக்கட்டுக்குள்ள அரிக்குதுன்னு ஒரு மாசத்துக்கே சொறின்னு பேர் வச்ச ராஜா உலகத்துல நீ ஒருத்தன்தான். பதிமூணை இருபத்தெட்டால பெருக்கினா முந்நூத்தி அறுபத்து நாலு. வருஷத்துல ஒரு நாள் மிச்சம். அதை எந்த மாசத்துல சேர்க்கறதுன்னு நமக்குள்ள அடிதடியே ஆச்சு. கடைசில நீதான் தீர்ப்பு சொன்ன. அந்த மிச்ச நாள் எந்த மாசத்துக்கும் கிடையாது, வீட்டுக்கு ஒண்ணுன்னு கொடுத்துடணும். எந்த வீடு எப்ப வேணுமோ அப்ப எடுத்துக்கலாம். எடுத்தா அன்னைக்கு அந்த வீட்டுல தேதி மாறாது. நேத்து எறும்பு அஞ்சுன்னா இன்னைக்கும் எறும்பு அஞ்சு. யாரும் வேலை சொல்லக்கூடாது, திட்டக்கூடாது. ஒரே சட்டம், வீட்டுல இருக்கிற எல்லாரும் நோட்டுல கையெழுத்துப் போடணும். ஒண்ணு குறைஞ்சாலும் செல்லாது. நாலு வருஷத்துக்கு ஒருதரம் வர்ற பிப்ரவரி இருபத்தொம்பதுக்கு நாடே தூங்கும், அதைக் கணக்குல சேர்க்கறதில்ல.

நீ வேலைக்குன்னு வெளியூர் போனப்புறமும் வருஷா வருஷம் ஃபோன் பண்ணி "அக்கா, இன்னைக்கு எடுத்துக்கலாமா?"னு கேட்டவன். உனக்கா ஞாபகம் இல்ல? போடா.

அம்மா விஷயம். சொல்லாம இருந்தது தப்புதான். ஆனா உனக்கு லிஃப்ட் லைசன்ஸ் பரீட்சை, "முடியட்டும், அவன் பாதியில ஓடி வந்துடுவான்"னு அம்மா என் கையைப் பிடிச்சு சத்தியம் வாங்கினாங்க. அந்தக் கையை உதற எனக்கு தைரியம் வரல. அந்த அஞ்சு மணி நேரம் பத்தி உன்கிட்ட சொல்ல வேண்டியது ஒண்ணு இருக்கு. அது லெட்டர்ல வராது, நேர்ல சொல்றேன்.

மாப்பிள்ளை யாருன்னு நீ கேட்கவே இல்லையே! பேண்டுல ட்ரம்பெட் ஊதறவர். ஊதுகாரர்னுதான் எல்லாரும் கூப்பிடறாங்க. முன்பல் ரெண்டு விழுந்து ஊத முடியாம வந்தார். நான் கட்டிக் கொடுத்தேன். ஒரு வாரத்துல "காத்து ஒழுகுது"ன்னு வந்தார். ராவிச் சரிபண்ணிக் கொடுத்தேன். மறுபடி வந்தார், மறுபடி காத்து. நாலாவது தரம் வந்தப்பதான் பல்லுல ஒரு கோளாறும் இல்லைன்னு எனக்கு மண்டைல ஏறிச்சு. பேச்சு கம்மி. நான் பேசறதைக் கேக்க ஒரு ஆள் வேணும்ல, பொருத்தம்தான்.

நீ வராம நான் கையெழுத்துப் போட மாட்டேன். இது மிரட்டல் இல்ல, தகவல்.

அக்கா

*

கொட்டாவி 18

அக்கா,

நாலு நாள் லீவு கிடைச்சிருக்கு. போக ஒரு நாள், வர ஒரு நாள்.

போர்வை 12 காலைல வரேன். கணக்குப்பிள்ளைக்குக் கணக்கு மறந்திருக்காதுன்னு நம்பறேன். மறந்திருந்தா நோட்டைப் பார்த்துக்கோ.

ஃபோன் வேண்டாம். உன்கிட்ட என்ன பேசறதுன்னு இன்னும் தெரியல. நேர்ல பார்த்தா ஏதாவது வரும்.

வீட்ல இரு. அது போதும்.

தம்பி

பி.கு.: ஞாபகம் இல்லைன்னு எழுதினது பொய்.

*

கொட்டாவி 21

ராஜாவுக்கு,

உன் லெட்டர் கொட்டாவி 18ல எழுதினது, இன்னைக்கு 21, மூணே நாள்ல வந்துடுச்சு! ஒன்பது நாள் ஆகுற தபால்! உன் அவசரம் அதுக்கும் தொத்திக்கிச்சு போல. தபால்காரருக்கு ஒரு டீ வாங்கிக் கொடுத்தேன்.

ரெஜிஸ்டர் ஆபீஸ்ல சொல்லி வச்சாச்சு. போர்வை 12, காலைல பத்து மணி. நீ வந்து குளிச்சுட்டு நேரா கிளம்பலாம். ஊதுகாரர்கிட்ட "என் தம்பி வரான்"னு ஒரு நாளைக்கு எட்டுத் தரம் சொல்றேனாம், எண்ணி வச்சிருக்கார்.

நீ படுக்க அந்தப் பழைய கட்டிலைத்தான் எடுத்து வச்சிருக்கேன். ஒரு கால் ஆடுது, சட்டம் விட்டிருக்கு. அதை நீ வர்றதுக்குள்ள சரிபண்ணிடுவேன். கீழ் வீட்டுக்குப் புதுசா ஒரு டெய்லர் குடிவந்திருக்கார், அவர் ஒரு தச்சரைச் சொல்லியிருக்கார்.

பத்திரமா வா.

கணக்குப்பிள்ளை

*

பிப்ரவரி 26

அக்கா அவர்களுக்கு,

நான் வந்து போனேன் என்பதைத் தெரிவிக்கவே இக்கடிதம்.

போர்வை 12, சொன்ன நாளில், காலை ஏழரைக்கு வாசலில் நின்றேன். பூட்டு. ஜன்னல் வழியா எட்டிப் பார்த்தேன். கூடம் காலி. கட்டிலைக்கூடக் காணோம். கீழே டெய்லரைக் கேட்டேன். "கல்யாணப் பொண்ணா? கட்டிலோட கிளம்பிப் போயாச்சே!"ன்னு சிரிச்சுக்கிட்டே சொன்னார். ஊசில நூல் கோத்துக்கிட்டே சொன்னார்.

அப்போ புரிஞ்சுது. நான் வர்றதுக்குள்ள முடிச்சுட்டீங்க. இந்தத் தடவையும்.

இருந்தாலும் மாடிப்படில சாயந்திரம் நாலு மணி வரைக்கும் உக்காந்திருந்தேன். நான் வழுக்கி விழுந்த அதே படி. டெய்லர் உங்க நம்பர் தரேன்னார். வேண்டாம்னுட்டேன். புது வீட்டுல சந்தோஷமா இருக்கிறவங்களைக் கூப்பிட்டு என்ன சொல்றது?

"நீ வராம கையெழுத்துப் போட மாட்டேன்"னு எழுதினீங்களே, அதை நம்பினேன். முப்பத்தேழு வயசு ஆச்சு எனக்கு, இன்னமும் நீங்க சொன்னா நம்பறேன். அதுதான் எனக்கு ஆத்திரம்.

இனி எழுத வேண்டாம்.

*

போர்வை 12

தம்பிக்கு,

நீ வரல.

காலைல அஞ்சு மணிக்கே எழுந்து தலை குளிச்சு, வாசல் கதவைத் திறந்து வச்சு, ஒவ்வொரு ஆட்டோ சத்தத்துக்கும் ஜன்னலுக்கு ஓடினேன். ஒன்பதரை வரைக்கும் பார்த்தேன். ஒருவேளை நேரா ரெஜிஸ்டர் ஆபீஸுக்கே வந்துடுவன்னு அங்க போனோம். வராந்தா பெஞ்சுல நானும் ஊதுகாரரும். எதிர்ல சுவர்ல மாட்டின காலண்டர்ல மார்ச் ஒண்ணு. எங்களுக்கு அப்புறம் வந்த ஏழு ஜோடி கையெழுத்துப் போட்டுட்டு மாலையோட வெளிய போச்சு. அங்க இருக்கிற கிளார்க்கம்மா, "ஏம்மா, யாராவது சாட்சி போட்டா சரிதானே, நானே போடறேனே"ன்னாங்க. நல்ல மனசு. "வேண்டாங்க, என் தம்பி வந்துக்கிட்டிருக்கான்"னு சொன்னேன். சாயந்திரம் அஞ்சு மணிக்குக் கதவைச் சாத்தற வரைக்கும் அதையேதான் சொல்லிக்கிட்டிருந்தேன்.

ஊதுகாரர் என் பையை எடுத்துக்கிட்டார். வெளிய வந்தப்புறம், "இன்னொரு நாள் வருவோம்"னார். அந்த மனுஷன் கோபப்பட்டிருந்தாலாவது எனக்குக் கொஞ்சம் லேசா இருந்திருக்கும்.

ஃபோன் வேண்டாம்னு நீ எழுதினதால நம்பரைக் கையில வச்சுக்கிட்டும் கூப்பிடல. ஏன்டா வரல? லீவை ரத்து பண்ணிட்டாங்களா? உடம்புக்கு ஏதாவதா? இல்ல, என்னைக் காத்திருக்க வச்சுப் பார்க்கணும்னு தோணிச்சா? அம்மாவை எடுத்தப்ப நான் உனக்காகக் காத்திருக்காததுக்கு இது பதிலா? அப்படி இருந்தா சொல்லிடு, சரியாப்போச்சுன்னு வச்சுக்கலாம். அப்புறமாவது வா.

கட்டில் காலைச் சரிபண்ணி, புதுப் பலகை போட்டு, விரிச்சு வச்சிருக்கேன். ஒரு மணி நேரம் அதுமேல உக்காந்துட்டு இப்பதான் எழுதறேன்.

அக்கா

*

போர்வை 12
(வெளியில மார்ச் 7. இந்த வீட்டுல இன்னும் போர்வை 12.)

அடப்பாவி!

உன் லெட்டர் இன்னைக்குக் காலைல வந்தது. "சொன்ன நாளில் வந்தேன்"னு எழுதியிருக்க, லெட்டர் மேல பிப்ரவரி 26ன்னு போட்டிருக்க. நான் உனக்காகப் பெஞ்சுல உக்காந்திருந்தது மார்ச் ஒண்ணு. அதுக்கு மூணு நாள் முன்னாடியே நீ வந்துட்டுத் திரும்பிப் போய், கோபமா லெட்டரும் எழுதிட்ட. எனக்குத் தலை சுத்திடுச்சு. லேப்ல ஒரு கீழ்வரிசை செட்டை அப்படியே மெழுகுல விட்டுட்டு வீட்டுக்கு வந்து நோட்டை எடுத்தேன்.

முதல்ல அந்தக் கட்டில் கதை. உன் கட்டிலைத்தான்டா ரிப்பேருக்குத் தூக்கிட்டுப் போனேன்! பிப்ரவரி 23, தச்சர் பட்டறை ஊருக்கு அந்தப் பக்கம், வண்டில ஏத்தி காலைல ஆறரைக்குக் கிளம்பினேன். அவர் கூடவே நின்னு வேலை வாங்கினாதான் முடியும்னு சாயந்திரம் வரைக்கும் நின்னேன். ஏழு மணிக்குத் திரும்பினா டெய்லர், "யாரோ வந்தாங்க, பேர் சொல்லல"ன்னார். பல்லு செட் வாங்க வந்தவங்கன்னு நினைச்சேன். அந்த டெய்லரை என்ன பண்ணலாம்னு நீயே சொல்லு. நீ படியில உக்காந்திருந்தப்ப நான் உன் தலைமாட்டுக்கு ஆணி அடிக்கறதைப் பார்த்துக்கிட்டு நின்னிருக்கேன்.

இப்போ கணக்கு. உன் போர்வை 12 பிப்ரவரி 23. என்னோட போர்வை 12 மார்ச் 1. ஆறு நாள் வித்தியாசம். ஏன்னு தெரியுமா? நான் வருஷா வருஷம் அம்மா போன நாளுக்கு மறுநாள், வீட்டுல நான் ஒருத்திதானேன்னு ஒத்தைக் கையெழுத்துல மிச்ச நாள் எடுத்துக்கிட்டேன், அன்னைக்கு என் தேதி நின்னுது. நீ ஒண்ணுகூட எடுக்கல, உன் தேதி ஓடிக்கிட்டே இருந்திருக்கு. அதனாலதான் உன் லெட்டர் மூணு நாள்ல வந்த மாதிரி தெரிஞ்சது. அது ஒன்பது நாள் வந்த லெட்டர்டா. நான் ஒரு கணக்குப்பிள்ளையா? தபால்காரருக்கு டீ வேற.

ஆனா அழுதுக்கிட்டே இன்னொண்ணும் கண்டுபிடிச்சேன். நீ எண்ணறதைப் பாதியில விட்டுட்டு, என் லெட்டர் பார்த்து இப்பதான் புதுசா ஜூன் பத்துல இருந்து கணக்குப் போட்டிருந்தா, ஒரே ஒரு நாள்தான் தப்பியிருக்கும். ஆறு நாள் தப்பணும்னா அஞ்சு வருஷமா ஒரு நாள் விடாம எண்ணியிருக்கணும். எனக்கு இங்க வீடு இல்லைன்னு சொல்லிட்டுப் போனவன் போன அன்னைக்கு இருந்து இந்த வீட்டுத் தேதியைத்தான் எண்ணிக்கிட்டு இருந்திருக்க. என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேடா.

அஞ்சு வருஷத்துக்கு எப்படி ஆறு மிச்ச நாள்னு கேப்ப. நேர்ல சொல்றேன்னு சொன்னது அதைத்தான். இனிமே நேர்ல நேர்லன்னு தள்ளிப்போட எனக்குப் பயமா இருக்கு, எழுதிடறேன்.

அம்மா போன அன்னைக்கே சாயந்திரம் எடுத்துடணும்னு எல்லாரும் நின்னாங்க. நீ மறுநாள் வந்துடுவன்னு நான் சொன்னேன். "அதெல்லாம் வைக்கக்கூடாது, ஒரு நாள் தாண்டக்கூடாது"ன்னு பெரியவங்க சத்தம் போட்டாங்க. நான் கதவை அடைச்சுக்கிட்டு நின்னு, "நாளைக்கும் இதே தேதிதான், இந்த வீட்டுல தேதி மாறாது"ன்னு கத்தினேன். எனக்குப் பித்துப் பிடிச்சுடுச்சுன்னு நினைச்சாங்க. நோட்டை எடுத்து மிச்ச நாளுக்குக் கையெழுத்துப் போட்டேன். ரெண்டு கையெழுத்து வேணுமே, நீ இல்லையே. கட்டைக்கால் ராஜான்னு உன் கையெழுத்தையும் நானே போட்டேன், அந்தக் கோணல் 'ரா'வோட. ஒரு நாள் முழுக்க நிறுத்தி வச்சேன்டா. மறுநாள் சாயந்திரத்துக்கு மேல என்னால முடியல. அதுக்கு அஞ்சு மணி நேரம் கழிச்சு நீ வந்த. "அஞ்சு மணி நேரம் பொறுக்கல"ன்னு நீ கேட்டப்ப, ஒரு நாள் பொறுத்தேன்னு சொல்ல எனக்கு வாய் வரல. திருட்டுக் கையெழுத்து போட்டவ எப்படிச் சொல்றது?

இப்போ விஷயம் இதுதான். மார்ச் ஒண்ணாம் தேதி பெஞ்சுல இருந்து எழுந்து வந்ததுல இருந்து நான் நோட்டுல தேதியை மாத்தல. மனசு வரல. எந்தக் கணக்குல இப்படி நிறுத்தறதுன்னு இன்னைக்குப் பக்கம் பக்கமாத் தேடினேன். கடைசிப் பக்கத்துல, நீ எழுதினது, எழுத்தெல்லாம் எறும்பு மாதிரி ஊருது: "வெளியூர் போனவங்களுக்குத் தனியா வருஷத்துக்கு ஒரு மிச்ச நாள், கெடாது. அவங்க வரும்போது எடுத்துக்கலாம்." அப்பாவுக்காக எழுதியிருக்க. அவர் வந்தா நாள் குறையக்கூடாதுன்னு.

உன் மிச்ச நாள் ஆறு. மார்ச் 2ல இருந்து இன்னைக்கு வரைக்கும் ஆறு. இன்னையோட தீர்ந்தது. நாளையில இருந்து அப்பாவோடதை எடுக்கப் போறேன். போய் முப்பது வருஷம் ஆச்சு, முப்பது நாள் இருக்கு, ஒண்ணுகூட கெடல. அவர் நமக்குன்னு வச்சுட்டுப் போன சொத்து இது ஒண்ணுதான், செலவு பண்ணுவோம்.

நீ வர்ற வரைக்கும் இந்த வீட்டுல போர்வை 12தான். நீ இன்னும் தாமதமாகல. நான் இன்னும் கையெழுத்துப் போடல. எதுவும் முடிஞ்சு போகல.

அக்கா

*

போர்வை 12
(மார்ச் 17)

அக்கா,

நீ பெஞ்சுல உக்காந்திருந்த லெட்டர் பத்தாம் தேதியே வந்தது. படிச்சுட்டு எனக்கு ஒண்ணுமே புரியல. நான் வந்த நாளை நீ வேற மாதிரி எழுதியிருந்த. நீ பொய் சொல்றன்னு நினைச்சேன். அப்புறம் நீ பொய் சொன்னா இவ்வளவு விவரமா கிளார்க்கம்மா எல்லாம் வர மாட்டாங்கன்னு தோணிச்சு. நேத்து ரெண்டாவது வந்தது. மொட்டை மாடில மோட்டார் ரூம்ல உக்காந்து படிச்சேன்.

ஆமா, எண்ணினேன். முதல்ல வேலை செஞ்ச கட்டடத்துல மோட்டார் ரூம் சுவத்துல சாக்பீஸ்ல எழுதி வச்சேன். கூட வேலை செய்யறவங்க ஏதோ கேபிள் அளவுன்னு நினைச்சு அழிக்காம விட்டாங்க. கட்டடம் மாறினா கடைசித் தேதியை எழுதிக்கிட்டுப் போய் அடுத்த சுவத்துல தொடங்குவேன். காய்ச்சல்ல படுத்தப்பகூட விடல. எதுக்குன்னு கேட்டா எனக்குத் தெரியாது. உன் மேல கோபமாத்தான் இருந்தேன். கோபமா இருந்துக்கிட்டே எண்ணினேன்.

மிச்ச நாள் ஏன் எடுக்கலன்னா, எடுக்க ரெண்டு கையெழுத்து வேணும். என்கிட்ட ஒண்ணுதான் இருந்தது. திருடவும் தோணல, நீ கெட்டிக்காரி.

உன் கொட்டாவி 21 லெட்டர் எனக்குப் போர்வை 8ல வந்தது. பதினஞ்சு நாளான்னு இங்க தபால்காரரைத் திட்டிட்டேன். நீ டீ வாங்கிக் கொடுத்திருக்க. நமக்குள்ள இதுவே வித்தியாசம்.

நீ அந்த ஒரு நாளை நிறுத்தி வச்சது எனக்குத் தெரியாது. ஈரத் தரையைப் பார்த்துட்டு கத்தினேன். அந்தத் தரையைக் கழுவினதும் நீதானே? அன்னைக்கு நீ ஏதோ சொல்ல வாயைத் திறந்த, நான் குறுக்கப் பேசிட்டேன். அஞ்சு வருஷமா நான் உன்னைத் திட்டினதெல்லாம் மனசுக்குள்ளதான், இருந்தாலும் வாபஸ் வாங்கிக்கறேன். அம்மா முகத்தைப் பார்க்காதது மட்டும் அப்படியேதான் இருக்கு அக்கா. அதுக்கு உன் மேல கோபம் இல்ல இப்ப. வருத்தம் மட்டும்தான்.

லீவு தீர்ந்துபோச்சு. மேலதிகாரிகிட்ட போய் "அக்கா கல்யாணம்"னேன். "அதுக்குத்தானே போன மாசம் போன?"ன்னார். "தேதி இன்னும் மாறல சார்"னேன். ஒரு மாதிரி பார்த்துட்டு மூணு நாள் கொடுத்தார். டிக்கெட் வாங்கிட்டேன். ஊர்க் காலண்டர்ல எழுதறேன், மறுபடி குழப்பம் வேண்டாம்: ஏப்ரல் 2 காலைல ஏழரை. மார்ச் 8ல இருந்து எண்ணினா அன்னைக்கோட அப்பா கணக்குல இருபத்தாறு நாள் செலவு. பத்தும்.

கட்டிலைத் தூக்கிட்டு எங்கயும் போயிடாத. டெய்லர்கிட்ட என் பேரைச் சொல்லி வை.

உன் தம்பி
(கட்டைக்கால் ராஜா)

*

போர்வை 13

ராஜாவுக்கு,

நீ தூங்கற. எழுப்ப மனசு வரல. கட்டில் உனக்குப் பத்தல, ரெண்டு காலும் வெளியில தொங்குது. நான் ஊதுகாரர் வீட்டுக்குப் போய் அவருக்குக் காப்பி போட்டுக் கொடுத்துட்டு ஒன்பது மணிக்கெல்லாம் வந்துடுவேன், உன்னை நான்தான் வண்டி ஏத்திவிடணும். கதவை வெளிய பூட்டல.

நேத்து நீ சாட்சிக் கட்டத்துல கையெழுத்துப் போட்டப்ப கிளார்க்கம்மா, "இவர்தானா அந்தத் தம்பி?"ன்னு கேட்டாங்களே, அதுக்கு நான் வாயே திறக்காம நின்னேன். ஊதுகாரர்தான் "ஆமாங்க"ன்னார். என்னைப் பேச்சில்லாம பார்த்தது அவருக்கு அதுதான் முதல் தடவையாம்.

நோட்டு தலைமாட்டுல இருக்கு. அம்மா போன அன்னைக்கு எழுதின பக்கத்துல நான் போட்ட உன் கையெழுத்தை அடிச்சிருக்கேன். கீழ இடம் விட்டிருக்கேன், நீயே போட்டுடு. அஞ்சு வருஷம் தாமதம்னாலும் செல்லும், கணக்குப்பிள்ளை சொல்றேன்.

இன்னைக்குத் தேதியை நானே பதிமூணுன்னு மாத்திட்டேன்.

அப்பா கணக்குல நாலு நாள் மிச்சம் இருக்கு. அதையும் போட்டு உன்னை இங்கயே நிறுத்தி வச்சுக்கலாமான்னு காலைல ரொம்ப நேரம் யோசிச்சேன். வேண்டாம்னு விட்டுட்டேன். அவர் வந்தா அவருக்குன்னு ஏதாவது இருக்கணும்ல.

அக்கா